டிஎல்எல் காணோமா? அந்தப் பெயரைக் கூகுளில் போடாதீர்கள்

"எம்எஸ்விசிபி140.டிஎல்எல் இல்லாததால் புரோகிராமைத் தொடங்க முடியவில்லை" என்று திரையில் ஒரு பெட்டி வந்து நிற்கும். உடனே அந்தப் பெயரை அப்படியே கூகுளில் போடுவார்கள். இலவச டவுன்லோடு என்று வரிசையாகத் தளங்கள் வரும். ஒன்றை இறக்கி சிஸ்டம்32 ஃபோல்டரில் போட்டுப் பார்த்து, அதுவும் சரிவராத பிறகுதான் சர்வீஸுக்கு வருகிறார்கள்.

டிஎல்எல் என்பது படம், பாட்டு மாதிரி சும்மா கிடக்கும் கோப்பு அல்ல. பல புரோகிராம்கள் பொதுவாக எடுத்துக்கொள்ளும், ஓடக்கூடிய நிரல். எந்த புரோகிராம் அதை ஏற்றுகிறதோ, அந்த புரோகிராமின் அதிகாரம் முழுக்க அதற்கும் கிடைத்துவிடும். அட்மின் உரிமையோடு ஓடும் பில்லிங் சாஃப்ட்வேர் என்றால் கேட்கவே வேண்டாம்.

ஆகவே முதல் கேள்வி, இந்தக் கோப்பு யாருடையது? மேலே சொன்னது மைக்ரோசாஃப்டின் விஷுவல் சி++ ரீடிஸ்ட்ரிபியூட்டபிள் தொகுப்பில் வருவது. மைக்ரோசாஃப்ட் தளத்திலேயே இலவசமாகக் கிடைக்கிறது. விண்டோஸ் 64 பிட்டாக இருந்தாலும் எக்ஸ்86 (32 பிட்டுக்கானது), எக்ஸ்64 (64 பிட்டுக்கானது) இரண்டையும் போடுங்கள். பழைய சாஃப்ட்வேர் பலவும் இன்னும் 32 பிட்தான். இதில் ஒரு கூத்து உண்டு: 64 பிட் விண்டோஸில் சிஸ்டம்32 ஃபோல்டரில் இருப்பவை 64 பிட் கோப்புகள், 32 பிட் கோப்புகள் சிஸ்வாவ்64 ஃபோல்டரில். பெயரை நம்பி மாற்றிப் போட்டவர்களுக்குத்தான் 0எக்ஸ்சி000007பி என்ற பிழை அடிக்கடி வருகிறது.

முன்பே எதையாவது இறக்கிப் போட்டிருந்தால் அதை முதலில் அழித்துவிடுங்கள். விண்டோஸ் பெரும்பாலும் புரோகிராமின் சொந்த ஃபோல்டரில்தான் முதலில் தேடும். கண்ட கோப்பு அங்கே கிடந்தால், நீங்கள் முறையாகப் போட்டது கணக்கிலேயே வராது.

இன்னொரு வகைக் கோளாறு இதைவிடச் சிக்கலானது. கோப்பெல்லாம் இருக்கிறது, புரோகிராமும் ஓடுகிறது, ஆனால் நடுவில் திடீரென்று மூடிக்கொள்கிறது. கைரேகை வருகைப்பதிவுக் கருவி, எடை மெஷின் போன்றவை இணைந்த சாஃப்ட்வேரில் இதை அதிகம் பார்க்கிறேன். இவை கால்பேக் முறையில் இயங்குபவை. கடைக்காரரிடம் நம் போன் நம்பரைக் கொடுத்து "சரக்கு வந்ததும் கூப்பிடுங்க" என்று சொல்வது போல, சாஃப்ட்வேர் தன் ஃபங்ஷன் (ஒரு வேலையைச் செய்யும் நிரல் பகுதி) ஒன்றின் முகவரியைக் கருவியின் டிஎல்எல்லிடம் கொடுத்து வைக்கிறது. விரல் வைத்ததும் டிஎல்எல் அந்த முகவரியைக் கூப்பிடும். அதற்குள் அந்த முகவரி செல்லாததாகிவிட்டால் எல்லாம் சரிந்துவிடும்.

ஓர் அலுவலகத்தில் இப்படித்தான். காலையில் கூட்டம் வரும் நேரத்தில் மட்டும் வருகைப்பதிவு சாஃப்ட்வேர் விழுந்தது. அங்கிருந்தவர்கள் கருவியின் டிஎல்எல்லைத் திரும்பத் திரும்ப மாற்றிக்கொண்டிருந்தார்கள். விண்டோஸ் தன் பிழைகளைக் குறித்து வைக்கும் ஈவென்ட் வியூயரில் அப்ளிகேஷன் பகுதியைத் திறந்தால் 1000 என்ற எண்ணில் பதிவு. பழுதான மாட்யூல் என்ற இடத்தில் அந்த டிஎல்எல்லின் பெயர், கூடவே 'அன்லோடட்' என்ற வால். விஷயமே அந்த வாலில்தான். கோப்பு கெடவில்லை. நினைவகத்திலிருந்து அதை இறக்கிவிட்டார்கள், அதற்குப் பிறகும் ஏதோ ஒரு த்ரெட் (புரோகிராமுக்குள் தனியாக ஓடும் வேலை) அந்த இடத்துக்குள் நுழையப் பார்த்திருக்கிறது. ஒரு திரையை மூடும்போது, கருவியை நிறுத்தாமலேயே டிஎல்எல்லை விடுவித்திருந்தார்கள். நூறு முறை புதுக் கோப்பு போட்டாலும் இது தீராது, நிரலைத்தான் திருத்த வேண்டும்.

சி ஷார்ப்பில் எழுதுபவர்களுக்கு ஒரு வார்த்தை. டெலிகேட்டை, அதாவது கால்பேக் ஃபங்ஷனைச் சுட்டும் பொருளை, அப்படியே டிஎல்எல்லிடம் கொடுத்துவிட்டு, அதைப் பிடித்து வைக்க ஒரு வேரியபிள் இல்லாமல் விட்டால், பயன்படாத நினைவகத்தைக் காலி செய்யும் கார்பேஜ் கலெக்டர் அதைக் கூட்டிப் பெருக்கிவிடும். அது எப்போது நடக்கும் என்று சொல்ல முடியாது, உங்கள் சோதனையில் விழாது, வாடிக்கையாளரிடம்தான் விழும். ஸ்டேட்டிக் ஃபீல்டில் வைத்திருங்கள். 32 பிட்டில் காலிங் கன்வென்ஷனையும் (ஃபங்ஷனைக் கூப்பிடும் முறை) சரிபாருங்கள். ஸ்டிடிகால் என்று எதிர்பார்க்கும் இடத்தில் சிடெக்லைக் கொடுத்தால் ஸ்டாக் குழம்பிவிடும்.

மற்றவர்கள் செய்ய வேண்டியது சின்ன வேலை. அந்த 1000-ஆம் எண் பதிவை முழுதாகக் காப்பி செய்து, கருவியின் டிரைவர் பதிப்பையும், என்ன செய்யும்போது விழுந்தது என்பதையும் சேர்த்து, சாஃப்ட்வேர் கொடுத்தவருக்கு அனுப்புங்கள். "ரீஇன்ஸ்டால் பண்ணிப் பாருங்க" என்று பதில் வந்தால், பதிவில் உள்ள 'எக்ஸெப்ஷன் கோடு' என்ற பிழை எண்ணைச் சொல்லி மறுபடி கேளுங்கள்.