சூனியக்காரி எட்டாம் பகுதியில்தான் வர வேண்டும்

மாயசக்தி கொண்ட சிறுமிகளையும் அவர்களின் கதை வகையையும் குறிக்கும் ஜப்பானிய அனிமேஷன் சொல்லான ‘மஹோ ஷோஜோ’வைச் ‘சூனியக்காரச் சிறுமி’ என்று தமிழில் எழுதியிருப்பதை மூன்றாவது தடவையாகப் பார்த்துவிட்டேன். இனியும் சும்மா இருக்க முடியாது.

சொல் எளிதானதுதான். மஹோ என்றால் மாயவித்தை, ஷோஜோ என்றால் சிறுமி. முதலில் வரும், ‘ம’ என்று ஒலிக்கும் சீன எழுத்து, புத்தரைச் சோதித்த மாரனின் பெயரைச் சீனத்தில் எழுதப் பிறந்தது. மணிமேகலை படித்தவர்களுக்கு அவன் பழைய ஆள்.

அப்புறம் இந்தச் சூனியக்காரி எங்கிருந்து வந்தாள்? ஆங்கிலம் வழியாக என்றே நினைக்கிறேன். இந்த வகைக்கு முன்னோடியான 1966ஆம் ஆண்டுத் தொடரின் நாயகி சாலி, ஜப்பானியத்தில் ‘மாயவித்தை செய்பவள்’. ஆங்கிலத் தலைப்பில் அவள் ‘விட்ச்’, அதாவது சூனியக்காரி, ஆகிவிட்டாள்.

சாலிக்கு அதனால் பெரிய நஷ்டமில்லை. 2011இல் வந்த ‘மஹோ ஷோஜோ மடோகா மகிகா’வில்தான் கதையே பாழாகிறது. (பார்க்காதவர்கள் இங்கேயே நிறுத்திக்கொள்ளலாம்.) கேட்ட வரம் ஒன்று கிடைக்கும், பதிலுக்குப் போராட வேண்டும் என்று சிறுமிகளோடு ஒப்பந்தம் போடுகிறது கியூபே என்ற வெள்ளைப் பிராணி. ஆறாம் பகுதியில், சண்டையைத் தடுக்க நினைத்து, தோழி சயாகாவின் நீலக் கல்லைப் பிடுங்கிப் பாலத்திலிருந்து வீசுகிறாள் மடோகா. அது கீழே போகும் லாரியில் விழுகிறது. சயாகா அப்படியே சரிகிறாள். தொட்டுப் பார்த்தால் பிணம். உயிர் அந்தக் கல்லில்தான் இருக்கிறது. நூறு மீட்டர் தாண்டினால் உடம்பு வெறும் கூடு. ஒப்பந்தம் போட்ட அன்றே உயிரை உருவிக் கல்லில் அடைத்துவிட்டார்கள், அவளிடம் சொல்லாமலே.

கல் முழுக்கக் கறுத்தால் சிறுமி ‘மஜோ’ ஆகிறாள். மஜோதான் சூனியக்காரி. ‘மஹோ ஷோஜோ’வில் நடுவிலிருக்கும் ஹோவையும் ஷோவையும் எடுத்துவிடுங்கள், மஜோ மிஞ்சும். எட்டாம் பகுதியில் கியூபே இந்தச் சொல்விளையாட்டைச் சர்வ சாதாரணமாகச் சொல்லிவிட்டுப் போகும்போது நமக்குக் குலை நடுங்குகிறது. முதல் பகுதியிலேயே ‘சூனியக்காரச் சிறுமி’ என்று போட்டால் அங்கே நடுங்க என்ன இருக்கிறது? ஆங்கில வசன வரியை மட்டும் வைத்துக்கொண்டு மொழிபெயர்க்கிறவர்களுக்கு இதெல்லாம் கண்ணில் படாது போல.

‘மந்திரச் சிறுமி’யும் எனக்கு ஒப்பவில்லை. மந்திரம் வாயால் ஓதுவது. இவர்கள் எதையும் ஓதிச் சக்தி பெறவில்லை. தனித்தமிழ் நண்பர் ஒருவர் ‘மாய மடந்தை’ என்றார். மடோகாவுக்கு வயது 14, பெண்ணின் பருவங்களை வயதுவாரியாகப் பிரிக்கும் பாட்டியல் இலக்கணக் கணக்குப்படி மடந்தைதான். ஆனால் பள்ளிச் சீருடையில் ஓடுகிறவளை மடந்தை என்றால் யாருக்கும் அவள் முகம் தெரியாது.

‘மாயச் சிறுமி’ போதும். ‘ஷோஜோ’வின் முதல் எழுத்தான ‘ஷோ’வின் பொருளில் இருக்கும் சிறுமை, சிறுமியிலும் இருக்கிறது. மஜோவை ‘மாயக்காரி’ என்றால் சொல்விளையாட்டும் கெடாமல் இருக்கும். என்ன செய்வது, மாயக்காரி என்றதும் நம்மவர்கள் காதல் பாட்டுக்குப் போய்விடுவார்கள். அவளுக்கு மட்டும் சூனியக்காரி என்ற பெயர் இருந்துவிட்டுப் போகட்டும்.