ஐந்து வயதில் எந்தத் தண்ணீர் குடித்தீர்கள்?

தர்மபுரி மாவட்டத்தில் பல் மருத்துவம் பார்க்கும் நான், புதிதாக வருகிறவர்களிடம் தவறாமல் கேட்கும் கேள்வி இது. பல் வலி என்று வந்தால் தண்ணீரைப் பற்றிக் கேட்கிறாரே என்று சிலர் முழிப்பார்கள். ஆனால் வாயைத் திறந்ததுமே பாதி பதில் எனக்குத் தெரிந்துவிடும். முன்பற்களில் சுண்ணாம்பு தீட்டியது போல வெள்ளைத் திட்டு, அதன் குறுக்கே காவி நிறப் பட்டை. சிலருக்குப் பல்லின் மேற்பூச்சான எனாமலே சின்னச் சின்னக் குழிகளாகப் பெயர்ந்திருக்கும். தண்ணீரில் அளவுக்கு மேல் கரைந்திருக்கும் ஃபுளோரைடு என்ற உப்பு விட்டுச்செல்லும் அடையாளம் இது.

பென்னாகரம் பக்கத்திலிருந்து ஓர் அம்மா மகளை அழைத்து வந்தார். அடுத்த வாரம் பெண் பார்க்க வருகிறார்களாம். "கிளீன் பண்ணி விடுங்க டாக்டர், இவ ஒழுங்கா பல்லே தேய்க்க மாட்டா" என்றார். அந்தப் பெண் கையால் வாயை மூடிக்கொண்டாள். பரிசோதித்தால் ஒரு சொத்தை இல்லை, ஈறும் சுத்தமாக இருக்கிறது. ஒழுங்காகப் பல் தேய்க்கிற பெண்தான். இந்தக் கறை வெளியிலிருந்து ஒட்டியது இல்லை, பல் தாடைக்குள் உருவாகும்போதே எனாமல் பழுதாகிவிட்டது, அதனால் கிளீனிங்கில் போகாது என்று சொன்னேன். அம்மா கொஞ்ச நேரம் பேசவில்லை. அப்புறம் மெல்லக் கேட்டார்: "பால் பல்லு முத்து மாதிரி இருந்துச்சே. நான் தாய்ப்பால் சரியா குடுக்கலையா?"

இந்தக் கேள்விக்குத்தான் நான் அதிக நேரம் ஒதுக்குவேன். தாய் எந்தத் தண்ணீர் குடித்தாலும் தாய்ப்பாலில் ஃபுளோரைடு மிகக் குறைவாகவே சேரும். அவர் கொடுத்த பால் பிள்ளையைக் காத்துத்தான் இருக்கிறது. பால் பற்களில் பெரும்பகுதி பிள்ளை வயிற்றில் இருக்கும்போதே உருவாகிவிடுவதால் அவை அவ்வளவாகக் கெடுவதில்லை. பிறந்ததிலிருந்து சுமார் எட்டு வயது வரை, நிலையான பற்களுக்கு எனாமல் உருவாகும் காலத்தில், கூழிலும் சோற்றிலும் குடிநீரிலும் போன ஃபுளோரைடு செய்த வேலை இது. ஏழு வயதில் பல் முளைத்துக் கறை தெரியும்போது, காரணமான தண்ணீர் எப்போதோ குடித்து முடிந்திருக்கும். கறையை மறைக்க வைத்தியம் உண்டு. பழுதான எனாமலைப் பழையபடி ஆக்க வைத்தியம் இல்லை.

எங்கள் மண்ணுக்கு அடியில் கருங்கல் பாறை. அதிலுள்ள சில தாதுக்களில் ஃபுளோரைடு இருக்கிறது. பாறை இடுக்கில் நீண்ட காலம் தங்கும் தண்ணீரில் அது கரைகிறது. மழை பொய்த்துக் கிணறு வற்றியதும் போர் போட்டோம். அதுவும் வற்றியதும் இன்னும் ஆழமாகப் போட்டோம். ஆழத்தில் கிடைத்தது பாறையோடு அதிக காலம் கிடந்த தண்ணீர். பார்க்கத் தெளிவாக இருக்கும். ஃபுளோரைடுக்கு நிறமோ மணமோ ருசியோ கிடையாது. இந்தியத் தர நிர்ணயப்படி லிட்டருக்கு 1 மில்லிகிராம் வரை இருக்கலாம், வேறு வழியே இல்லாத இடத்தில் 1.5 வரை. அதற்கு மேல் போனால் முதலில் காட்டிக்கொடுப்பது பிள்ளைகளின் பல். வருடக்கணக்கில் அளவு மிக அதிகமான தண்ணீரையே குடித்தால் எலும்பும் மூட்டும் இறுகும். என் நாற்காலியைச் சாய்க்கும்போது கழுத்தையும் முதுகையும் சாய்க்க முடியாமல் தவிக்கும் பெரியவர்கள் உண்டு. முதுகு இறுக வேறு காரணங்களும் இருக்கலாம், அதனால் எலும்பு மருத்துவரிடம் அனுப்புகிறேன். ஆனால் தண்ணீரைப் பற்றிக் கேட்காமல் அனுப்புவதில்லை.

தண்ணீரைக் காய்ச்சினால் போதும் என்று நினைக்கிறார்கள். காய்ச்சினால் கிருமி சாகும், ஃபுளோரைடு போகாது. தண்ணீர் சுண்டினால் அதன் அளவு கூடத்தான் செய்யும். சாதாரண கேண்டில் ஃபில்டரிலும் நிற்காது. ஆர்.ஓ. கருவி குறைத்துவிடும். ஆனால் பல வீடுகளில் கேன் தண்ணீர் வாங்கிக் குடிப்பதற்கு மட்டும் வைத்துக்கொண்டு, சோறு பொங்கவும் குழம்புக்கும் போர் தண்ணீரையே ஊற்றுகிறார்கள். அரிசி அந்தத் தண்ணீரை அப்படியே உறிஞ்சிக்கொள்ளும். அவர்களைக் குறை சொல்ல எனக்கு மனம் வரவில்லை. கூலி வேலைக்குப் போகும் குடும்பம் சமையலுக்கும் சேர்த்து எத்தனை கேன் வாங்கும்?

நெல்லூர் மாவட்டத்தில் தண்ணீரிலுள்ள ஃபுளோரைடால் மனிதர்கள் பாதிக்கப்பட்டது 1937இலேயே மருத்துவ இதழில் பதிவானது. நெல்லூர் அப்போது சென்னை மாகாணத்தில் இருந்தது. தர்மபுரி, கிருஷ்ணகிரி மாவட்டங்களுக்குக் காவிரி நீரைக் கொண்டுவரும் ஒகேனக்கல் கூட்டுக் குடிநீர்த் திட்டம் ஜப்பான் கடனுதவியுடன் நிறைவேறித் தொடங்கி வைக்கப்பட்டது 2013இல். இடையில் 76 வருடங்கள். அதே பென்னாகரம் வட்டத்தில்தான் ஒகேனக்கல் அருவி கொட்டுகிறது. ஊர் உலகமே வந்து குளித்துவிட்டுப் போகும் ஆற்றுக்குப் பக்கத்துக் கிராமங்களில் பிள்ளைகள் போர் தண்ணீர் குடித்து வளர்ந்தார்கள்.

திட்டத்தால் என்ன பலன் என்று கேட்பவர்களுக்கு நான் ஒரு வீட்டைச் சொல்வேன். அக்காவுக்கு இருபது வயது, பல் முழுக்கக் காவிப் பட்டை. தம்பி காவிரி நீர் ஊருக்கு வந்த பிறகு பிறந்தவன், பல் வெள்ளை வெளேர் என்று இருக்கிறது. ஒரே வீடு, ஒரே அடுப்பு. தண்ணீர் மட்டும்தான் மாறியது.

அதனால்தான் குடிநீரை உரிமை என்று சொல்லும்போது எனக்கு அது மேடைப் பேச்சாகத் தெரிவதில்லை. 2010 ஜூலை 28 அன்று ஐ.நா. பொதுச்சபை பாதுகாப்பான குடிநீரை மனித உரிமையாக ஏற்றது. இந்தியா ஆதரித்து வாக்களித்தது. அரசியல் சட்டத்தின் 21ஆவது பிரிவு தரும் வாழும் உரிமையில் மாசற்ற நீரும் அடங்கும் என்று உச்ச நீதிமன்றம் 1991இலேயே சொல்லிவிட்டது. வீட்டு வாசலில் குழாய் வந்துவிட்டால் உரிமை கிடைத்துவிட்டது என்று நினைக்கிறோம். ஆற்று நீர் போதாத நாட்களில் மேல்நிலைத் தொட்டியில் போர் தண்ணீரையும் கலந்து விடும் ஊர்கள் உண்டு. அதே குழாயில்தான் வரும், வாங்கிக் குடிப்பவருக்குத் தெரியாது. என்ன கலந்திருக்கிறது என்று தெரிந்துகொள்வதும் அந்த உரிமைக்குள் வருவதுதான்.

இதற்கு நீங்கள் மருத்துவமனைக்கு வர வேண்டியதில்லை. மார்ச் 22, உலகத் தண்ணீர் தினத்தன்று கிராம சபை கூடுகிறது. "நம்ம தொட்டித் தண்ணியில ஃபுளோரைடு எவ்வளவு? கடைசியா எப்ப சோதிச்சீங்க?" என்று எழுந்து கேளுங்கள். பதிலைத் தீர்மானப் புத்தகத்தில் எழுதச் சொல்லுங்கள். வீடுதோறும் குடிநீர்க் குழாய் தரும் ஜல் ஜீவன் திட்டத்தில் ஊருக்கு ஐந்து பெண்களுக்கு நீர் சோதனைப் பயிற்சி தர ஏற்பாடு இருக்கிறது. உங்கள் ஊரில் அவர்கள் யார், சோதனைப் பெட்டி யாரிடம் இருக்கிறது என்று விசாரியுங்கள். கோடையில் ஒருமுறை, மழைக்குப் பிறகு ஒருமுறை சோதிக்கச் சொல்லுங்கள், அளவு மாறும். குடிநீர் வடிகால் வாரியத்தின் ஆய்வகத்திலும் தண்ணீரைக் கொடுத்துப் பார்க்கலாம். நல்ல தண்ணீர் குறைவாகத்தான் கிடைக்கிறது என்றால், எட்டு வயதுக்கு உட்பட்ட பிள்ளைகளின் குடிநீருக்கும் சோற்றுக்கும் முதலில் ஒதுக்குங்கள். பாலும் கீரையும் கேழ்வரகும் கொடுங்கள், சுண்ணாம்புச் சத்துக் குறைந்த உடம்பில்தான் பாதிப்பு அதிகம்.

அறிக்கை கைக்கு வந்ததும் ஃபுளோரைடு என்று இருக்கும் வரியைப் பாருங்கள். எண் புரியவில்லை என்றால் என்னிடம் கொண்டு வாருங்கள். அதைப் படித்துச் சொல்ல நான் கட்டணம் வாங்குவதில்லை.