நீதவான் நீதிமன்றத் தவணையைப் பார்த்துக்கொண்டிருந்தால் நட்டஈடு போய்விடும்

வீதி விபத்தில் ஒருவரைப் பறிகொடுத்த குடும்பத்தார், மூன்று வருடத்துக்குப் பிறகு நட்டஈடு கேட்க ஃபைலோடு வருகிறார்கள். "கோட்டில வழக்கு நடந்துகொண்டுதானே இருந்தது, ஐயா?" நடந்தது உண்மைதான். ஆனால் அது உங்கள் வழக்கல்ல.

இதை எத்தனை தரம் சொன்னாலும் ஊருக்குள் ஏறுவதில்லை. நீதவான் நீதிமன்றத்தில் நடப்பது, கவனயீனமாக மரணத்தை விளைவித்ததாக சாரதிக்கு எதிராகப் பொலிஸார் தொடுக்கும் குற்றவியல் வழக்கு. தண்டனைச் சட்டக்கோவையின் 298ஆம் பிரிவு. அங்கே நீங்கள் சாட்சி மட்டுமே. சாரதி குற்றத்தை ஒப்புக்கொண்டு தண்டப்பணம் கட்டினால் அது அரசாங்கத்துக்குப் போகும். நீதவான் நட்டஈடு கட்டளையிட்டாலும், ஒரு குடும்பத்தின் இருபது வருட வருமானத்துக்கு அது ஈடாகாது. அந்த இழப்பைக் கேட்க வேண்டிய இடம் மாவட்ட நீதிமன்றம். வழக்காளி நீங்கள்; எதிராளிகள் சாரதியும் வாகன உரிமையாளரும். விபத்து நடந்து இரண்டு வருடத்துக்குள் வழக்கைத் தாக்கல் செய்ய வேண்டும். குற்றவியல் வழக்கு முடியவில்லை என்பதற்காக இந்தக் கணக்கு நிற்காது. 2024 மார்ச் 10இல் விபத்து என்றால், 2026 மார்ச் 10க்கு முன்னரே வழக்கு பதிவாகியிருக்க வேண்டும். விபத்துத் திகதியையும் அந்தக் கடைசித் திகதியையும் ஃபைல் மட்டையில் பெரிதாக எழுதி வையுங்கள்.

"சாரதியை விட்டுவிட்டார்கள், இனி என்ன கேட்கிறது?" என்பது அடுத்த தப்பு. குற்றவியல் வழக்கில் நியாயமான சந்தேகத்துக்கு அப்பால் எண்பிக்க வேண்டும். மாவட்ட நீதிமன்றத்தில் எந்தப் பக்கம் கூடுதலாக நம்பத்தக்கது என்பதே அளவுகோல். விடுதலையானவரிடமும் நட்டஈடு கேட்கலாம்.

செத்தவீட்டில் நடப்பது இதைவிட மோசம். வாகனக்காரர் இரண்டு இலட்சத்தோடு வருவார், கூடவே ஊர்ப் பெரியவர் ஒருவர். ஏ4 தாளில் நாலு வரி: "முழு நட்டஈட்டையும் பெற்றுக்கொண்டோம், இனி எந்தக் கோரிக்கையும் இல்லை." கீழே சமாதான நீதவானின் (ஜே.பி.) முத்திரை. அழுது களைத்த மனைவி கையெழுத்து வைக்கிறா. பணத்தை வாங்குவது பிழையில்லை. "மரணச் செலவுக்கான உதவி" என்று மட்டும் எழுதி வாங்குங்கள். வேறு எதிலும் கையெழுத்து வேண்டாம், தயவுசெய்து.

அந்தியேட்டிக் கிரியை முடிந்த கையோடு ஆவணங்களைத் தேடுங்கள். மரண விசாரணை அறிக்கை, பிரேத பரிசோதனை அறிக்கை, மரணச் சான்றிதழ், பொலிஸ் முறைப்பாடு, விபத்து இட வரைபடம், விசாரணை பற்றிப் பொலிஸார் நீதிமன்றத்துக்குக் கொடுத்த 'பி' அறிக்கை ஆகியவற்றின் உறுதிப்படுத்திய பிரதிகள் தேவை. வாகன இலக்கம், காப்புறுதி அட்டையின் விபரம் இரண்டையும் பொலிஸாரிடம் கேட்டு எழுதிக்கொள்ளுங்கள். பதிவு உரிமையாளர் யார் என்பதை மோட்டார் போக்குவரத்துத் திணைக்களத்தில் பாருங்கள். எங்கள் யாழ்ப்பாணப் பக்கம் நிறைய மோட்டார் சைக்கிள்கள் 'ஓப்பன் பேப்பரில்', அதாவது பதிவில் பெயர் மாற்றாமல், கை மாறியவை. ஓடியவர் ஒருவர், புத்தகத்தில் பெயர் இன்னொருவர்.

காப்புறுதி நிறுவனம் பணம் கட்டவேண்டுமென்றால், வழக்குத் தாக்கல் செய்வதற்கு முன்னரோ தாக்கல் செய்து ஏழு நாட்களுக்குள்ளோ அவர்களுக்கு அறிவித்தல் போயிருக்க வேண்டும். பதிவுத் தபாலில் அனுப்பி பற்றுச்சீட்டை வைத்திருங்கள். இது தவறினால் தீர்ப்பு கையில் இருக்கும், பணம் இராது.

தொகை எப்படி வருகிறது? மேசன் ஒருவர் மாதம் 80,000 ரூபா உழைத்து, தனக்கென 25,000 செலவழித்தார் என்றால், குடும்பம் இழந்தது 55,000. வருடத்துக்கு 6,60,000. அதை முப்பது வருடத்தால் பெருக்கி எதிர்பார்க்காதீர்கள். ஒரேயடியாகக் கிடைக்கும் பணம் என்பதற்காகவும் வாழ்வின் நிச்சயமின்மைக்காகவும் நீதிமன்றம் கழிக்கும். இங்கே ஆட்டம் காண்பது வருமானத்துக்கான அத்தாட்சிதான். கிராம அலுவலரின் கடிதம் மட்டும் நிற்காது. ஒப்பந்தக்காரரின் சம்பளக் குறிப்பு, வங்கிப் புத்தகம், கடற்றொழிலாளர் சங்கப் பதிவு, எது இருக்கோ அதைத் தேடுங்கள். உதவித்தொகைப் படிவத்தில் மாத வருமானம் 15,000 என்று எழுதிவிட்டு நீதிமன்றத்தில் 80,000 என்றால், எதிராளியின் சட்டத்தரணிக்குக் கொண்டாட்டம்.

பள்ளிக்கூடப் பிள்ளை இறந்தால் முன்னர் பெற்றோருக்குக் கிட்டத்தட்ட ஒன்றுமில்லை. 2019ஆம் ஆண்டின் 2ஆம் இலக்கச் சட்டம் வந்த பிறகு, இழந்த அன்புக்கும் பராமரிப்புக்கும் கேட்கலாம். ஹெல்மெட் போடாதவருடைய குடும்பத்துக்கு ஒன்றும் கிடையாது என்பதும் பொய். அவரது பங்குத் தவறின் அளவுக்கு 1968ஆம் ஆண்டுச் சட்டப்படி தொகை குறையும், அவ்வளவுதான். வேலை நேரத்தில் நடந்த மரணமென்றால் தொழிலாளர் நட்டஈட்டு ஆணையாளரிடம் கேட்கும் வழியும் உண்டு; இரண்டில் எது என்பதை முதலில் சட்டத்தரணியிடம் கேளுங்கள்.

மாமியும் மருமகளும் தனித்தனியாக வழக்குப் போட வேண்டாம். இறந்தவரின் உழைப்பில் தங்கியிருந்த எல்லோரும் ஒரே வழக்கில் சேருங்கள். வெளிநாட்டிலிருக்கும் தம்பி "விடுங்கோ, நான் காசு அனுப்பிறன்" என்பார். எத்தனை வருடத்துக்கு அனுப்புவார் என்று அவரிடமே கேட்டுப் பாருங்கள்.

மோதிவிட்டுத் தப்பியோடிய வாகனம் பிடிபடாவிட்டால், வீதிப் பாதுகாப்பு தேசிய சபையின் நிதியத்துக்கு விண்ணப்பிக்கலாம். சட்டத்தரணிக்குக் கொடுக்க வழியில்லாதவர்கள் யாழ்ப்பாணத்திலுள்ள சட்ட உதவி ஆணைக்குழு அலுவலகத்துக்குப் போங்கள். வருமானம் குறைந்தவர்களுக்கு வழக்கை அவர்களே எடுத்து நடத்துவார்கள். ஆனால் இருபத்திமூன்றாவது மாதத்தில் போய் நின்றால் அவர்களாலும் அதிகம் செய்ய இயலாது.