முதல் அடி யாருடையது?

போன கிழமை திருகோணமலையில் ஒரு பரிசோதனைக் குறும்படம் திரையிட்டார்கள். போர்ப் பரப்புரை பற்றியது, வசனமே இல்லை. மலைப்பக்கம், கரைப்பக்கம் என்று இரண்டு தரப்பு அடித்துக்கொள்கிறது. முடிந்ததும் உயர்தரம் படிக்கும் ஒரு பிள்ளை என்னிடம் கேட்டாள்: "அந்தச் சிப்பாய் முதலில் பயப்படுகிறார், பிறகு கோபப்படுகிறார், கடைசியில் அழப் பார்க்கிறார். எப்படி சேர் இப்படி நடிக்கிறார்?"

அவர் நடிக்கவேயில்லை. மூன்று தடவையும் வந்தது ஒரே படத்துண்டு.

நொடிக்கு 24 படம் ஓடுவதெல்லாம் தெரிந்த கதை. இரண்டு துண்டுகளை ஒட்டும் இடத்தில் நடப்பதுதான் எனக்கு இன்றும் தீராத வியப்பு. ஏறத்தாழ 100 ஆண்டுகளுக்கு முன் ரஷ்யாவில் லெவ் குலெஷோவ் என்ற திரைப்பட இயக்குநர், நடிகர் ஒருவரின் சலனமற்ற முகத்தைச் சூப்புக் கோப்பையோடும் சவப்பெட்டியோடும் ஒரு பெண்ணோடும் மாறி மாறி ஒட்டினார். பார்த்தவர்கள் பசி, துக்கம், ஆசை என்று நடிப்பைப் புகழ்ந்ததாகச் சொல்வார்கள். 2006இல் மூளை ஸ்கேனோடு செய்த ஆய்விலும், முன்னால் காட்டிய காட்சிக்கேற்ப அதே முகத்தை ஆட்கள் வேறுவேறாக மதிப்பிட்டார்கள். முகத்தில் தகவல் குறைந்தால் மூளை பக்கத்துக் காட்சியிலிருந்து எடுத்து நிரப்புகிறது. அப்புறம் அதை முகத்திலேயே கண்டதாக நம்புகிறது.

நானும் செய்து பார்த்தேன். முற்றத்தில் சும்மா இருந்த பெரியம்மாவைக் கைபேசியில் 5 நொடி எடுத்தேன். ஒன்றில் இடியப்பத் தட்டை ஒட்டினேன், இன்னொன்றில் டச்சு விரிகுடாக் கரையில் கிடந்த வெறும் வள்ளத்தை. இரண்டாவதைப் பார்த்த மச்சாள், "பெரியம்மா ஆரை நினைச்சு அழுறா?" என்றாள். கைபேசி ஒன்று போதும். பள்ளிக்கூடங்களில் இதைச் செய்து காட்டாமல் விடுவது பெரிய குறை.

சரி, பரப்புரைக்கு வருவோம். அதற்குப் பொய்ப்படம்கூட வேண்டாம். எங்கள் வீடு எரிவதை முன்னால் ஒட்டினால், அவர்கள்மேல் விழும் குண்டு பதிலடி. வரிசையை மாற்றினால் அதே குண்டு தொடக்கம். 1942 ஏப்ரல் 9 அன்று ஜப்பானிய விமானங்கள் திருமலையில் குண்டு போட்டதிலிருந்து தொடங்கும் படமும், பிரித்தானியர் இங்கே கடற்படைத் தளம் அமைத்ததிலிருந்து தொடங்கும் படமும் ஒரே படமாகாது.

நாங்கள் பார்த்த படம் இந்த வசதியைப் பறித்துவிட்டது. வாலைத் தலையோடு ஒட்டி, வளையமாக ஓடவிட்டிருந்தார்கள்.

"எப்படியும் முதலில் அடித்தது மலைப்பக்கத்து ஆட்கள்தானே?" என்றாள் அந்தப் பிள்ளை. நான் பத்து நிமிடம் பிந்தி உள்ளே போனவன். எனக்கு முதலில் அடித்தது கரைப்பக்கம்.