ஒன்பதாம் மாதமும் 'பேபி ஆஃப்' தானா?

தடுப்பூசி அட்டையில் குழந்தையின் பெயருக்கென்று ஒரு கோடு இருக்கும். ஒன்றரை மாத ஊசிக்கு வரும்போது அதில் 'பேபி ஆஃப்' போட்டு அம்மாவின் பெயர் எழுதியிருக்கும். பிரசவம் பார்த்த இடத்தில் எழுதிக் கொடுத்தது. இரண்டரை மாதம், மூன்றரை மாதம் என்று ஊசிகள் ஏறும்; அந்தக் கோடு மட்டும் மாறாது. ஒன்பதாம் மாதமும் அதே 'பேபி ஆஃப்' வந்து நின்றால் எனக்குக் கொஞ்சம் கோபம் வரும். மதுரையில் குழந்தை மருத்துவராக இருக்கிறேன். ஊசி போடுகிறவளுக்குப் பெயரைப் பற்றி என்ன என்று கேட்கிறவர்களுக்காகத்தான் இது.

ஒன்பது மாதக் குழந்தைக்கு எடை, தலைச் சுற்றளவு எல்லாம் பார்த்த பிறகு ஒரு சின்னச் சோதனை உண்டு. குழந்தை வேறெங்கோ பார்த்துக்கொண்டிருக்கும்போது பக்கவாட்டிலிருந்து பெயரைச் சொல்லிக் கூப்பிடுவேன். திரும்ப வேண்டும். ஒரு வயதாகியும் பெயருக்குத் திரும்பவில்லை என்றால் காது கேட்கிறதா, வளர்ச்சியில் ஏதும் பின்தங்கியிருக்கிறதா என்று பார்த்தாக வேண்டும். ஆனால் வீட்டில் அப்பா 'குட்டி', அம்மா 'பட்டு', சித்தி 'லட்டு', தாத்தா 'ராசா' என்றால் நான் எதைச் சொல்லிக் கூப்பிட?

செக்கானூரணிப் பக்கமிருந்து ஒரு பெண் குழந்தையைத் தூக்கிக்கொண்டு அம்மாவும் அப்பத்தாவும் வந்தார்கள். ஒன்பது மாதம், கோடு காலி.

"பேரு பாத்துட்டோம் டாக்டர். கியாரா. ஆப்ல இளவரசின்னு போட்டிருக்கு" என்றார் அம்மா.

பெயர்ச் செயலிகளில் மூலம் பிடிபடாத பெண் பெயர் என்றால் 'இளவரசி', ஆண் பெயர் என்றால் 'தனித்துவமானவன்'. வாய்க்கு வந்ததை எழுதிவைத்திருக்கிறார்கள். கியாரா இத்தாலியப் பெயர். 'தெளிந்த, ஒளிர்கிற' என்ற லத்தீன் சொல்லிலிருந்து வந்தது. அயர்லாந்திலோ கிட்டத்தட்ட இதே எழுத்துகளில் எழுதி 'கீரா' என்று கூப்பிடுவார்கள். அதற்குக் கருநிறத்தவள் என்று பொருள். இதைச் சொன்னதும் அப்பத்தா பிடித்துக்கொண்டார்.

"கருப்புன்னுதான அர்த்தம்? எங்காத்தா பேரு கருப்பாயி. அதையே வச்சுட்டுப் போலாமே டாக்டரம்மா."

மருமகள் முறைத்தார். நான் பேச்சை மாற்ற, "உங்க பேரு என்னம்மா?" என்றேன்.

"போதும்பொண்ணு. நாலாவது பொண்ணு நான்." சொல்லிவிட்டு, "எம்பேருக்கு அர்த்தம் ஊருக்கே தெரியும். அர்த்தம் தெரியாத பேரு எம்புட்டோ தேவலை" என்றார்.

எனக்குப் பதில் வரவில்லை. இந்தப் பக்கம் போதும்பொண்ணுகள் நிறைய. இனிப் பெண் வேண்டாம் என்று சாமியிடம் சொல்ல நினைத்ததைப் பிள்ளையின் பெயராக்கி விட்டார்கள். மகாராஷ்டிராவிலும் இது உண்டு. அங்கே 'நகுஷா', வேண்டாதவள். 2011 அக்டோபரில் சாத்தாரா மாவட்டத்தில் அந்தப் பெயரோடு இருந்த 285 பெண் பிள்ளைகளுக்கு விழா எடுத்து வேறு பெயர் வைத்தார்கள்.

அதற்காகக் காதுக்கு உறுத்துகிற பெயரெல்லாம் வேண்டாத பெயர் என்று நினைத்துவிடக் கூடாது. பிச்சை, குப்பம்மாள், மண்ணாங்கட்டி எல்லாம் தலைப்பிள்ளைகள் தங்காத வீட்டில் பொத்திப் பொத்தி வளர்த்த பிள்ளைகளின் பெயர்கள். காலனுக்கு இது ஆசைப்படுகிற பண்டமில்லை என்று காட்டுகிற தந்திரம். சீனக் கிராமங்களிலும் 'நாய் மிச்சம் வைத்தது' என்ற பொருளில் ஆண் பிள்ளைக்குப் பெயர் வைப்பார்கள். காரணம் அதேதான்.

பெயர்கள் ஊர் தாண்டி வருவதும் புதிதில்லை. என் நோட்டில் ஒரே நாளில் யூசுப்பும் ஜோசப்பும் வந்திருக்கிறார்கள். ஜோசப்பின் தாத்தா பெயர் சூசை. மூன்றும் ஒரே எபிரேயப் பெயர்தான். புனிதர் பவுலின் பெயருக்கு லத்தீனில் சிறியவர் என்று பொருள். பழைய கத்தோலிக்கத் தமிழில் அவர் சின்னப்பர். சவரிமுத்துவில் இருக்கும் சவேரியார், ஸ்பெயினில் ஓர் ஊரின் பெயர். பாஸ்க் மொழியில் அதற்குப் 'புது வீடு' என்று அர்த்தம். ஆகவே கியாராவை அந்நியப் பெயர் என்று நான் ஒதுக்கமாட்டேன். எந்த மொழி, அங்கே எப்படிச் சொல்கிறார்கள் என்று ஒரு அகராதியைப் பார்த்துவிட்டு வையுங்கள் என்பேன்.

தாமதத்துக்குப் பெரிய காரணம் நட்சத்திர எழுத்து. அசுவினி என்றால் சு, சே, சோ, ல. இதில் தொடங்கி, புதுசாகவும் இருந்து, எண் கணிதத்துக்கும் ஒத்துவர வேண்டும் என்றால் மாதங்கள் ஓடத்தான் செய்யும். கானாவின் அகான் மக்களுக்கு இந்தத் தொல்லை இல்லை. பிறந்த கிழமையே முதல் பெயர். ஐ.நா. பொதுச் செயலாளராக இருந்த கோஃபி அன்னான் வெள்ளிக்கிழமை பிறந்தவர். கோஃபி என்றால் அதுதான். இங்கே கோரிப்பாளையத்திலிருந்து வரும் முஸ்லிம் குடும்பங்கள் பெரும்பாலும் ஏழாம் நாளே பெயர் வைத்துவிடுவதால் முதல் தவணை ஊசிக்கே கோடு நிரம்பியிருக்கும்.

சட்டப்படி பிறப்பை 21 நாளுக்குள் பதிய வேண்டும். பெயரில்லாமலும் பதியலாம், ஓராண்டுக்குள் பெயரைக் கட்டணமில்லாமல் சேர்த்துக்கொள்ளலாம். அதற்குப் பிறகு 15 ஆண்டு வரை தாமதக் கட்டணம் கட்டிச் சேர்க்கலாம். ஆனால் ஒருமுறை ஏற்றிய பெயரை மாற்றுவது லேசுப்பட்ட காரியமில்லை. 2023 அக்டோபர் 1 முதல் பிறந்த குழந்தைகளுக்குப் பள்ளி, ஆதார், ஓட்டுநர் உரிமம் எல்லாவற்றுக்கும் பிறந்த தேதிக்கு இந்தப் பிறப்புச் சான்றிதழ்தான் ஆதாரம்.

ஆங்கில எழுத்தையும் அன்றைக்கே முடிவு செய்யுங்கள். என்னிடம் வரும் ஒரு யாழினிக்கு ஆதாரில் 'ழ' ஒரு விதம், சான்றிதழில் இன்னொரு விதம், காப்பீட்டு அட்டையில் மூன்றாவது விதம். காய்ச்சலில் சேர்த்த அன்று அவள் அப்பா ஜெராக்ஸ் கடைக்கும் காப்பீட்டு மேசைக்கும் நடையாய் நடந்தார்.

அந்தச் செக்கானூரணிக் குழந்தை பதினாறாம் மாத ஊசிக்கு வந்தபோது கோட்டில் 'கியாரா' இருந்தது. சான்றிதழிலும் ஏற்றிவிட்டார்கள். மேசை மேலிருந்த டார்ச்சை உருட்டிக்கொண்டிருந்தவளைப் பக்கத்திலிருந்து "கியாரா" என்று கூப்பிட்டேன். திரும்பவில்லை. இன்னொரு முறை கூப்பிட்டேன். டார்ச்தான் உருண்டது.

வாசலில் செருப்பைக் கழற்றிக்கொண்டிருந்த அப்பத்தா மெதுவாகத்தான் சொன்னார், "ஏ கருப்பாயி."

வெடுக்கென்று திரும்பிச் சிரித்தாள். காது நன்றாகக் கேட்கிறது என்று அட்டையில் எழுதினேன்.