ஸ்கிரீனிங்கைத் தமிழில் எப்படிச் சொல்வது?

கருவிலுள்ள பிள்ளையின் மூளையும் முள்ளந்தண்டும் சரியாக உருவாகியிருக்கின்றனவா என்று பார்க்கும் ஸ்கிரீனிங்கைத் 'திரையிடல்' என்று அச்சடித்த இன்னொரு துண்டுப்பிரசுரம் கைக்கு வந்திருக்கிறது. திரையிடல் என்றால் கல்முனையில் படம் ஓடுவது. தாய்மார் கிளினிக்கில் என்ன படம்?

ஸ்கிரீன் என்றால் ஆங்கிலத்தில் மறைப்புத் தட்டி. கரியையும் மண்ணையும் சலிக்கும் பெரிய சல்லடைக்கும் அதே பெயர்தான். மருத்துவம் எடுத்துக்கொண்டது சல்லடையை. சினிமாத் திரை இரண்டுக்கும் பிந்தியது. அகராதியில் முதலில் கண்ணில் பட்டதை எடுத்து ஒட்டினால் இப்படித்தான் வரும்.

திரையிடலையாவது சிரித்துவிட்டு விடலாம். 'குறைபாடு கண்டறியும் பரிசோதனை' என்று எழுதுகிறார்களே, அதுதான் வில்லங்கம். வாசிக்க நல்ல தமிழ், சொல்வது பொய். இந்தச் சோதனை எதையும் கண்டறிவதில்லை. கருவின் ஈரலில் உண்டாகும் அல்ஃபா ஃபீட்டோ புரதம் தாயின் இரத்தத்தில் எவ்வளவு இருக்கிறது என்று 16 முதல் 18 வாரமளவில் அளக்கிறார்கள். பிள்ளையின் மூளையாகவும் முண்ணாணாகவும் வளரும் நரம்புக் குழாய் மூடாமல் இருந்தால் அந்தப் புரதம் பனிக்குட நீரில் கசியும் என்று 1972இல் எடின்பரோவில் புரொக், சட்கிளிஃப் இருவரும் காட்டினார்கள். தாயின் இரத்தத்திலும் அது கூடும். சரி, கூடினால் பிள்ளைக்குக் குறை என்று ஆகிவிடுமா? இரட்டைப் பிள்ளை என்றாலும் கூடும். கடைசி மாதவிடாய்த் திகதி பிழைத்து, கரு நாம் நினைத்ததைவிட மூத்ததாக இருந்தாலும் கூடும். வயிற்றுச் சுவர் மூடாவிட்டாலும் கூடும். ஒரு காரணமும் இல்லாமலும் கூடும். மறுபக்கம், முள்ளந்தண்டில் தோல் மூடிய பிளவு இந்தச் சோதனையில் தப்பிவிடும். உறுதியாகச் சொல்ல விரிவான ஸ்கான் வேண்டும், சில வேளை பனிக்குட நீரையும் எடுத்துப் பார்க்க வேண்டும். முள்ளந்தண்டு பிளந்த சிசுவின் மண்டை ஸ்கானில் எலுமிச்சம்பழ வடிவில் தெரிவதுண்டு.

'கண்டறியும் சோதனையில் பொசிட்டிவ்' என்று ஒரு தாளில் இருந்தால் வீட்டில் என்ன நடக்கும்? ஸ்கானுக்குத் திகதி கிடைப்பதற்கு முன்னமே, "புள்ளைக்கு மூளையில பழுதாம், கண்டுபிடிச்சிட்டாங்களாம்" என்று ஒழுங்கை முழுக்கக் கதை போய்விடும். மருத்துவமாது வந்து எவ்வளவு விளங்கப்படுத்தினாலும் மாமியார் நம்பமாட்டா.

அப்போ எந்தச் சொல்? 'சல்லடைச் சோதனை' வேருக்கு நேர்மையானது. ஆனால் வயிற்றில் பிள்ளையோடு இருப்பவளிடம் சலித்து எறிகிற பேச்சு எடுபடாது. 'வடிகட்டல்' அதைவிட மோசம். 'தெரிவுச் சோதனை' என்றால் வேலைக்கு ஆள் எடுக்கிறார்கள் என்று நினைப்பார்கள். நான் 'ஐயமறி சோதனை' என்பேன். ஐயம் உண்டா என்று மட்டும் பார்ப்பது. அடுத்தது 'உறுதிச் சோதனை'. இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்தால் வித்தியாசம் தானாக விளங்கும். பேச்சில் 'ஐமிச்சம் பார்க்கிற டெஸ்ட்' என்றாலும் எனக்குச் சந்தோஷமே.

1936இல் சென்னையில் கலைச்சொல்லாக்க மாநாட்டுக்குத் தலைமை தாங்கிய விபுலானந்த அடிகள் இங்கே கல்முனைக்குப் பக்கத்தில் காரைதீவில் பிறந்தவர். அந்த மண்ணிலேயே இன்று மொழிபெயர்ப்பு மெஷின் கக்குவதைத் திருத்தாமல் அச்சுக்குக் கொடுக்கிறோம். நமக்கு நல்ல சொல் வராது என்பதுமில்லை. ஸ்பைனா பிஃபிடாவில் ஸ்பைனா என்றால் லத்தீனில் முள். நம் பாடப்புத்தகத்து முள்ளந்தண்டிலும் அதே முள் இருக்கிறது. 'முள்ளந்தண்டுப் பிளவு' கச்சிதமாக நிற்கிறது, அதைப் போய் 'ஸ்பைனா பிஃபிடா நோய்' என்று எழுதுகிறார்கள். அது நோயே இல்லை, பிறவிக் குறை.

அதே துண்டுப்பிரசுரத்தில் 'கர்ப்பிணிகள் ஃபோலிக் அமிலம் எடுக்க வேண்டும்' என்றும் இருக்கிறது. நரம்புக் குழாய் கருத்தரித்து 28 நாளுக்குள் மூடிவிடும். கர்ப்பிணி என்று அவளுக்கே அநேகமாகத் தெரியாத நேரம் அது. 400 மைக்ரோகிராம் மாத்திரையைக் கருத்தரிக்கும் முன்பே தொடங்க வேண்டும். அந்த வரியில் இருக்க வேண்டியது 'பிள்ளைக்கு ஆயத்தமாகும் பெண்கள்'.