முனகும் சிசு என்ன சொல்கிறது?

பிறந்து சில மணி நேரமே ஆன குழந்தை, மூச்சை விடும்போதெல்லாம் 'ம்... ம்...' என்று மெல்ல முனகுகிறது. சுற்றி நிற்கும் உறவினர்களுக்கு அது செல்லச் சிணுங்கலாகப் படும். பச்சிளங்குழந்தைப் பிரிவில் வேலை பார்க்கும் நர்ஸ் காதில் விழுந்தால், உடனே துணியை விலக்கி நெஞ்சைப் பார்ப்பார். அந்த முனகல், நுரையீரல் மூடிக்கொள்ளாமல் இருக்க குழந்தை தானே செய்யும் வைத்தியம்.

நுரையீரலுக்குள் இருக்கும் நுண்ணிய காற்றுப்பைகளின் உட்புறம் ஈரமானது. ஈரத்தின் இழுவிசை, மூச்சு வெளியேறும்போது பையைச் சுருக்கி மூடப் பார்க்கும். சோப்பு தண்ணீரின் இழுவிசையைத் தளர்த்துவதைப் போல, அதைத் தளர்த்த சர்ஃபாக்டன்ட் என்ற வழவழப்பான பொருளை நுரையீரலே சுரக்கிறது. கருவுக்கு ஏறக்குறைய 34, 35 வாரம் ஆகும்போதுதான் அது போதிய அளவு சேரும். குறைமாதக் குழந்தைகள் மூச்சுக்குத் திணறுவதற்கு இந்தக் குறைதான் காரணம் என்பதை 1959-இல் மேரி எல்லன் ஏவரியும் ஜியர் மீடும் கண்டறிந்தார்கள். சர்ஃபாக்டன்ட் இல்லாத குழந்தை என்ன செய்யும்? குரல்வளையைப் பாதி மூடிக்கொண்டு மூச்சை விடும். உள்ளே கொஞ்சம் அழுத்தம் தங்கி, பைகள் திறந்தே இருக்கும். அப்போது எழும் ஓசைதான் முனகல்.

மருத்துவம் இதே உத்தியைத்தான் கையில் எடுத்தது. 1971-இல் ஜார்ஜ் கிரெகரி என்ற மருத்துவரும் அவருடன் பணியாற்றியவர்களும், மூச்சுப்பாதையில் இடைவிடாத மெல்லிய அழுத்தம் கொடுக்கும் சி-பேப் முறையைக் குழந்தைகளிடம் வெற்றிகரமாகப் பயன்படுத்தியதை வெளியிட்டார்கள். அதன் எளிய வடிவத்தைப் பார்த்தால் வியப்பாக இருக்கும். மூக்கில் இரண்டு சிறு குழாய்கள். காற்று வெளியேறும் குழாயின் முனை தண்ணீருக்குள் 5 சென்டிமீட்டர் ஆழத்தில். அந்த ஆழம்தான் அழுத்தத்தின் அளவு. குமிழி வந்துகொண்டிருந்தால் அழுத்தம் இருக்கிறது என்று பொருள். குமிழி நின்றால் எங்கோ காற்று கசிகிறது, அல்லது குழந்தை வாயைத் திறந்துவிட்டது. மூக்குக் குழாய் இரு துவாரங்களுக்கும் நடுவே உள்ள தண்டில் அழுந்தினால் தோல் புண்ணாகும்; காற்று வயிற்றுக்குள் போனால் வயிறு உப்பும், அதை வாய்வழிக் குழாயால் வெளியேற்ற வேண்டும். இதையெல்லாம் கருவி பார்த்துக்கொள்ளாது. பக்கத்தில் நிற்கும் நர்ஸின் கண்ணும் கையும்தான் பார்க்கும்.

மூச்சை எண்ணுவதிலும் ஒரு நுட்பம் உண்டு. சிசுவின் மூச்சு சீராக இருக்காது. வேகமாகப் போய், சில நொடிகள் நின்று, மறுபடி தொடங்கும். ஆகவே 15 நொடி எண்ணி நான்கால் பெருக்கினால் ஏமாந்துவிடுவோம். முழு ஒரு நிமிடம் எண்ண வேண்டும். 60-ஐத் தாண்டினால் வேக மூச்சு. 20 நொடியோ அதற்கு மேலோ நின்றால் அது ஆபத்து. குறைமாதக் குழந்தையின் பாதத்தை மெல்லத் தேய்த்தாலே பல நேரம் மூச்சு திரும்பிவிடும். அடிக்கடி நின்றால் கஃபீன் மருந்து தருவார்கள். காபியில் இருக்கும் அதே பொருள்தான், மூளையின் மூச்சு மையத்தைத் தூண்டுகிறது.

சரி, ஆக்சிஜனைத் தாராளமாகக் கொடுத்துவிட்டால் என்ன? குறைமாதக் குழந்தைக்கு அது அளவுக்கு மீறினால் விழித்திரையின் ரத்தக்குழாய்கள் தாறுமாறாக வளர்ந்து பார்வையே போகலாம். அதனால்தான் ஆக்சிஜன் வைத்திருக்கும் குறைமாதக் குழந்தைக்கு ரத்தத்தின் ஆக்சிஜன் அளவை பொதுவாக 90-லிருந்து 95 சதவீதத்துக்குள் நிறுத்தப் பார்க்கிறார்கள்.

கிருமித்தொற்று வந்தாலும் இதே வேக மூச்சு, இதே முனகல்தான் தெரியும். சர்ஃபாக்டன்ட் குறைவா, தொற்றா என்று பிரித்தறிவது கடினம். பெரியவர்களைப் போல காய்ச்சல் வரும் என்று காத்திருக்கவும் முடியாது. பல சிசுக்களுக்கு உடம்பு சில்லிட்டுப் போகும். 36.5 டிகிரி செல்சியஸுக்குக் கீழே இறங்கினாலே கவனிக்க வேண்டும். நேற்றுவரை இழுத்துக் குடித்த குழந்தை இன்று பாலைத் தொடவில்லை, துவண்டு கிடக்கிறது என்றால் எனக்கு அதுவே போதுமான எச்சரிக்கை. தாயின் எதிர்ப்புப் புரதங்களில் பெரும்பகுதி கர்ப்பத்தின் கடைசி மூன்று மாதங்களில்தான் குழந்தைக்குப் போகிறது. முன்கூட்டியே பிறந்தவர்கள் அந்தச் சேமிப்பு இல்லாமல் வருகிறார்கள். அதனால் சந்தேகம் வலுவாக இருந்தால், ரத்தத்தில் கிருமி வளர்கிறதா என்று பார்க்கும் கல்ச்சர் பரிசோதனைக்கு எடுத்த கையோடு ஆன்டிபயாடிக்கைத் தொடங்கிவிடுவார்கள். முடிவு வர ஓரிரு நாள் ஆகும். அதுவரை சிசு தாங்காது.

உயிர் காக்கும் ஒவ்வொரு குழாயும் கிருமிக்கும் ஒரு வாசல். ஒரு குழந்தையைத் தொட்டுவிட்டு அடுத்ததைத் தொடும் முன் கையைச் சுத்தம் செய்வது சலிப்பான வேலைதான். ஆனால் அந்த அறையில் அதைவிடப் பெரிய சிகிச்சை குறைவு. அப்புறம், டயப்பர் மாற்றுவது, வெப்பநிலை பார்ப்பது எல்லாவற்றையும் ஒரே நேரத்தில் முடித்துவிட்டு குழந்தையைத் தூங்க விடுவார்கள். ஒவ்வொரு தொந்தரவும் அதன் ஆக்சிஜனைத் தின்னும். குளிரும் அப்படித்தான். நிலை சற்றுத் தேறியதும் தாயின் வெறும் மார்பில் படுக்க வைக்கும் கங்காரு முறை, 1978-இல் கொலம்பியாவின் பொகோட்டாவில் இன்குபேட்டர் பற்றாக்குறையால் தொடங்கியது. வெப்பம் நிலைக்கிறது, தாய்ப்பாலும் எளிதாகிறது.

வீட்டில் இருக்கும் சிசு நிமிடத்துக்கு 60-க்கு மேல் மூச்சு வாங்கினாலோ, மூச்சிழுக்கும்போது விலா எலும்புக்குக் கீழே குழி விழுந்தாலோ, முனகினாலோ, பால் குடிக்க மறுத்தாலோ, உடம்பு சுட்டாலோ சில்லிட்டாலோ விடியட்டும் என்று காத்திருக்காதீர்கள்; உடனே மருத்துவமனைக்குக் கிளம்புங்கள். போகிற வழியெல்லாம் குழந்தை தாயின் நெஞ்சோடு ஒட்டி, மூக்கும் வாயும் மூடாமல், கதகதப்பாக இருக்கட்டும்.